மூன்று பொன்னையாவும் ஒரு பதிவுத் தபாலும்

லுணுகலை
10.03.2024

அன்புத் தங்கச்சி ஜீவராணிக்கு,

அண்ணன் பொன்னையா எழுதுகிறேன். இங்கே நானும் உன் அண்ணி வேலாயியும் சுகம். என் காதைத் தவிர உடம்பில் எல்லாம் ஒழுங்காக வேலை செய்கிறது. அந்தக் கிளிநொச்சி வெயிலில் நீயும் மாப்பிள்ளை சுரேசும் பிள்ளையும் எப்படி இருக்கிறீர்கள்? மாப்பிள்ளையின் முழங்கால் வலி குறைந்ததா?

விசயத்துக்கு வருகிறேன். நான் இருபத்தாறு வருசம் வேலை பார்த்த அரசாங்கத் தேயிலைப் பெட்டிக் கூட்டுத்தாபனத்தைக் கலைத்துவிட்டார்கள். டிசம்பர் கடைசியில் பதுளை ஆலையின் கேட்டில் ஒரு தாளை ஒட்டி, பூட்டையும் மாட்டிவிட்டுப் போய்விட்டார்கள். எனக்குப் பதினொரு மாதச் சம்பளமும் சேவைக்காலப் பணமும் வரவேண்டும். எல்லாம் வரும் என்று கடைசிக் கூட்டத்தில் சொன்னார்களாம். நான் முன்வரிசையில்தான் உட்கார்ந்திருந்தேன், ஒன்றும் கேட்கவில்லை. மற்றவர்கள் தலையாட்டிய இடத்தில் நானும் ஆட்டினேன். பலகை அறுக்கிற மெஷினுக்குப் பக்கத்தில் நின்ற ஆள்கள் எல்லாருக்கும் இந்தப் பழக்கம் உண்டு.

அந்தப் பணம் வந்தால் முதலில் காது மெஷின் வாங்கவேண்டும். போன மாதம் ஒரு தோட்டத்தில் வாட்ச்சர் வேலை கேட்டுப் போனேன். “திருடன் வந்தா ஒனக்குக் கேக்குமா?” என்று கேட்டிருக்கிறார்கள். அந்தக் கேள்வியே எனக்குக் கேட்கவில்லை, பக்கத்தில் நின்றவர் எழுதிக் காட்டினார். வேலை கிடைக்கவில்லை. அடுத்த வாரம் லுணுகலைக் கடைத்தெருவில் பின்னால் வந்த பஸ் தெரியாமல் நடந்தேன். கடைக்கார ஸலீம் முதலாளி காலரைப் பிடித்து இழுத்திராவிட்டால் இந்தக் கடிதம் இல்லை. காலர் கிழிந்துவிட்டது, அண்ணி தைத்துத் தந்தாள்.

பதுளையில் ஒரு கடையில் காது மெஷினை மாட்டிப் பார்த்தேன். ஐந்து நிமிசம்தான் வைத்தான். கடைக்காரன் தேத்தண்ணி உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. விலையைச் சொன்னான், அதுவும் நல்லாக் கேட்டது. கழற்றிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

பதிலைத் தோட்டத்து விலாசத்துக்குப் போடாதே. டிவிசன் முழுவதற்கும் ஒரே விலாசம், அதில் பொன்னையா மூன்று பேர். ஸலீம் முதலாளி கடைக்குப் போடு, பத்திரமாக என் கைக்கு வரும்.

பிள்ளையை நன்றாகப் படிக்கச் சொல்.

அன்பு அண்ணன்,
பொன்னையா


கிளிநொச்சி
26.03.2024

அன்புள்ள அண்ணனுக்கு,

ஜீவராணி எழுதுவது. நாங்கள் மூவரும் சுகம். உங்கள் மாப்பிள்ளைக்கு முழங்கால் வலி சைக்கிள் மிதிக்கச் சொன்னால் மட்டும்தான் வருகிறது. அண்ணிக்கு பிரஷர் எப்படி? போனில் கேட்டால் “எல்லாம் நல்லாருக்கு” என்று வைத்துவிடுகிறார். கோயில் வளைவில் நின்றால்தான் சிக்னல் என்கிறார், அந்தக் குளிரில் நிற்கவைத்து நானும் அதிகம் கேட்பதில்லை.

பஸ் விசயத்தைப் படித்துவிட்டு அன்று கூட்டுறவுச் சங்கத்தில் எனக்கு வேலை ஓடவில்லை. கணக்குப் புத்தகத்தைத் திறந்துவைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தேன். அண்ணே, அந்தக் காது மெஷின் வந்தாக வேண்டும். நீங்கள் அதை ஆசை மாதிரி எழுதுகிறீர்கள், எனக்கு அப்படித் தெரியவில்லை.

இனி எங்கேயும் தலையாட்டாதீர்கள். தாளை நீட்டினால் கையெழுத்து வைக்காதீர்கள். உங்கள் நியமனக் கடிதம், கடைசிச் சம்பளத் துண்டு, அடையாள அட்டை மூன்றையும் போட்டோ கொப்பி எடுத்து அனுப்புங்கள். கூட்டுத்தாபனத்தின் இடத்தை இப்போது யார் பாரம் எடுத்திருக்கிறார்கள் என்று விசாரித்து எழுதுங்கள். அதைக் கலைத்து அரசாங்கம் வெளியிட்ட வர்த்தமானியை நான் தேடுகிறேன்.

தங்கச்சி,
ஜீவராணி


லுணுகலை
28.04.2024

அன்புத் தங்கச்சிக்கு,

சித்திரை வருசம் நன்றாகப் பிறந்ததா? இங்கே மழையோடு பிறந்தது. அண்ணி பிரஷர் குளிசையை ஒழுங்காகப் போடுகிறாள், உன் கடிதத்தை அவளுக்கும் வாசித்துக் காட்டினேன்.

நீ சொன்னபடி பதுளைக்குப் போனேன். பசறையில் பஸ் உடைந்து, போய்ச் சேர பதினொரு மணி. ஆலையை ஒரு புதிய சபை பாரம் எடுத்திருக்கிறது. அதன் கந்தோரில் முன்ஸிப் என்று ஒரு கிளாக்கர், நம் பாசை பேசுகிற பிள்ளை, நல்ல மாதிரி. எனக்குக் கேட்காது என்று தெரிந்ததும் எல்லாவற்றையும் துண்டுத் தாளில் எழுதிக் காட்டினார். முதல் துண்டில், “கூட்டுத்தாபனம் இப்போது இல்லை” என்று இருந்தது. இரண்டாவதில், “நாங்கள் கட்டடத்தையும் மெஷினையும் எடுத்தோம், ஆள்களை எடுக்கவில்லை என்று மேலே சொல்கிறார்கள்” என்று இருந்தது.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. காது கேட்காத ஆள் மெதுவாகப் பேசுவதாக நினைத்துக் கத்துவான் என்பது உனக்குத் தெரியுமே. “மெஷின எடுத்தீங்கன்னா அது தின்ன காதையும் சேத்துல்லங்க எடுக்கணும்!” என்றேன். கந்தோர் முழுக்கத் திரும்பிப் பார்த்துச் சிரித்தது. முன்ஸிப் மட்டும் சிரிக்கவில்லை. மூன்றாவது துண்டில், “வர்த்தமானியைப் பாருங்கள்” என்று எழுதி என் சட்டைப் பையில் அவரே வைத்துவிட்டார்.

கொப்பிகளை இதோடு வைத்திருக்கிறேன். அடையாள அட்டைப் படத்தில் எனக்கு மீசை இருக்கிறது, பயப்படாதே.

அண்ணன்,
பொன்னையா


கிளிநொச்சி
19.05.2024

அன்புள்ள அண்ணனுக்கு,

எல்லாரும் சுகம். மாப்பிள்ளை உங்கள் மீசையைப் பார்த்துவிட்டு, நல்ல வேளை பெண் பார்க்க வரும்போது இது இல்லை என்றார்.

சந்தோசமான செய்தி. வர்த்தமானி கிடைத்துவிட்டது. ஒரு வரியைச் சிவப்புப் பேனாவால் கோடு போட்டு அனுப்புகிறேன். கூட்டுத்தாபனத்தின் சொத்துகளும் உரிமைகளும் மட்டும் சபைக்குப் போகவில்லை. கடன்களும் கடப்பாடுகளும், ஊழியர்களுக்குக் கொடுக்கவேண்டிய நிலுவைகள் உட்பட, சபைக்கே போய்ச் சேருகின்றன என்று அச்சில் இருக்கிறது. கட்டடத்தை எடுத்தவர்கள் உங்களையும் சேர்த்துத்தான் எடுத்திருக்கிறார்கள். நீங்கள் அன்று கத்தியதைத்தான் சட்டமும் சொல்கிறது!

ஒன்றுதான் எனக்குப் புரியவில்லை. ஜனவரி முப்பத்தோராம் திகதி ஒவ்வொரு ஊழியருக்கும் பதிவுத் தபாலில் அறிவித்தல் அனுப்பியதாகவும், அதோடு வரும் படிவத்தை ஆறு மாதத்துக்குள் நிரப்பிக் கொடுக்கவேண்டும் என்றும் ஒரு பத்திரிகை விளம்பரத்தில் பார்த்தேன். கொடுக்காதவர்களின் கோரிக்கை எடுபடாதாம். அப்படியானால் ஜூலை கடைசிதான் எல்லை. உங்களுக்கு அந்தத் தபால் வந்ததா? வந்ததாக நீங்கள் எழுதவில்லையே. தோட்டத்துத் தபால்காரரிடம் உடனே கேளுங்கள்.

தங்கச்சி,
ஜீவராணி


லுணுகலை
09.06.2024

அன்புத் தங்கச்சிக்கு,

சுகம், சுகமறிய ஆவல். இங்கே மழை விடவில்லை. தண்ணீர்ப் பீலிக்குப் போகிற பாதையில் அட்டை நிறைய. அண்ணி சவுச்சவு கொடியை லயத்து வீட்டுக் கூரையில் ஏற்றிவிட்டாள், இரண்டு மூட்டை காய்த்தது. ஸலீம் முதலாளிக்கு ஒரு மூட்டை கொடுத்தோம்.

நீ அனுப்பிய வர்த்தமானியைப் பத்திரமாக வைத்திருக்கிறேன். இதற்காக நீ அலைந்தது போதும். காது இல்லாமலும் ஒரு மனுசன் இருந்துவிடலாம், பஸ் வருகிற பக்கம் பார்த்து நடந்தால் சரி. பணம் இன்றைக்கு இல்லாவிட்டால் இன்னொரு நாள். பிள்ளைக்குப் பரீட்சை எப்போது?

அண்ணன்,
பொன்னையா


கிளிநொச்சி
24.06.2024

அண்ணனுக்கு,

சவுச்சவு நன்றாகக் காய்த்ததில் சந்தோசம். நான் கேட்டது தபாலைப் பற்றி.

மூன்று பக்கம் கேள்வி எழுதினால் நீங்கள் அட்டையைப் பற்றிப் பதில் எழுதுகிறீர்கள். “இருந்துவிடலாம்” என்று என் அண்ணன் எழுதிய முதல் கடிதம் இதுதான். என்ன நடந்தது? அண்ணியைப் போனில் பிடித்துக் கேட்டேன், “எல்லாம் நல்லாருக்கு” என்றார். அதைக் கேட்டதும் எனக்குப் பயம் கூடிவிட்டது.

தபால் வந்ததா, இல்லையா? இந்த ஒன்றுக்கு மட்டும் பதில் போடுங்கள். ஜூலை முடிய முப்பத்தேழு நாள்தான் இருக்கிறது.

ஜீவராணி


லுணுகலை
04.08.2024

அன்புள்ள தங்கச்சி ஜீவராணிக்கு,

அல்லாஹ்வின் கிருபையால் நாங்கள் சுகம். நீங்களும் குடும்பமும் சுகமாக இருக்க துஆ செய்கிறேன். கடைக்கார ஸலீம் எழுதுகிறேன். உங்கள் கடிதங்களை இத்தனை நாள் வாங்கிக் கொடுத்த பழக்கத்தில் இதை எழுதுகிறேன்.

உங்கள் அண்ணன் என்னிடம் ஒரு வாக்கு வாங்கினார், ஜூலை முடியும்வரை உங்களுக்கு ஒன்றும் எழுதக்கூடாது என்று. ஜூலை முடிந்துவிட்டது. வாக்கைக் காப்பாற்றிவிட்டேன், இப்போது சொல்கிறேன்.

உங்கள் டிவிசனில் பொன்னையா மூன்று பேர் என்பது உங்களுக்குத் தெரியும். உங்கள் அண்ணன் மெஷின் பொன்னையா. இன்னொருவர் கொழும்புக்கு மகனோடு போய்விட்டார். மற்றவர் தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டிக்கொண்டிருந்த கவ்வாத்துப் பொன்னையா, கடைசி லயத்தில் இருக்கிறார். எழுபத்துநாலு வயது, தனி ஆள், வாசிக்கத் தெரியாது. பெப்ரவரியில் வந்த பதிவுத் தபாலைத் தபால்காரர் அவரிடம் கொடுத்திருக்கிறார். அவரும் தபால் கிடைத்ததற்கான அட்டையில் பெருவிரல் ரேகை வைத்து வாங்கியிருக்கிறார்.

அவர் வீட்டுக்கும் காணிக்கும் நாலு தடவை பெயர் கொடுத்தவர். கவரில் அரசாங்க முத்திரையைப் பார்த்ததும் காணி உறுதிப் பத்திரம் வந்துவிட்டது என்று நினைத்துவிட்டார். பிரிக்கவில்லை. மாரியம்மன் படத்துக்குப் பின்னால் வைத்து, குங்குமம் பூசி, நல்ல நாள் பார்த்துக்கொண்டிருந்தார். திருவிழா வந்தது, அன்று மழை. பிறகு மகள் கொஸ்லந்தையிலிருந்து வரட்டும் என்றார், அவள் வரவில்லை. இப்படியே ஆறு மாதம் அந்தக் கவருக்குப் பூ வைத்திருக்கிறார்.

உங்கள் மே மாதக் கடிதத்தைப் படித்த அன்றே அண்ணன் தபால்காரரைப் பிடித்து விசயத்தைத் தெரிந்துகொண்டார். நேராகக் கடைசி லயத்துக்குப் போனார். கவரைத் தொடாமல் திரும்பி வந்து என் கடை வாங்குப் பலகையில் உட்கார்ந்தார். “அதப் பிரிச்சுட்டா அந்த மனுசனுக்கு என்ன மிச்சம் மொதலாளி?” என்று கேட்டார். அடுத்தவன் பதிவுத் தபாலை வாங்கினால் பொலிஸ் கேஸ் ஆகும் என்று வேறு யாரோ அவரைப் பயமுறுத்தியிருக்கிறார்கள். “காதுக்காக ஒரு கெழவன பொலிசுக்கு இழுக்கவா?” என்றார். நான் எவ்வளவோ சொன்னேன். அவருக்குக் கேட்காது, எழுதிக் காட்டினால் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

போன செவ்வாய்க்கிழமை மறுபடி ஒரு லொறி. டிரைவர் பிரேக் போட்டான், அல்ஹம்துலில்லாஹ். இதற்கு மேல் என்னால் வாயை மூடிக்கொண்டிருக்க முடியவில்லை.

வஸ்ஸலாம்.
ஸலீம்


கிளிநொச்சி
16.08.2024

(ஸலீம் முதலாளி அவர்களுக்கு: இதைக் கவ்வாத்துப் பொன்னையா மாமாவுக்கு நீங்களே மெதுவாக வாசித்துக் காட்டவேண்டும். என் அண்ணன் பக்கத்தில் இருந்தாலும் பரவாயில்லை.)

அன்புள்ள மாமாவுக்கு,

மெஷின் பொன்னையாவின் தங்கச்சி ஜீவராணி கும்பிட்டு எழுதுகிறேன். உங்களுக்கு இருமல் எப்படி? மழைக்காலத்தில் கூரை ஒழுகுகிறதா? என்னை உங்களுக்கு ஞாபகம் இருக்குமோ தெரியாது. எங்கள் அப்பா படுத்த வருசம், கவ்வாத்து முடிந்து வரும்போது ஒரு கட்டு விறகை எங்கள் வாசலில் போட்டுவிட்டுப் போவீர்கள். யார் போட்டது என்று அம்மா கேட்டால் ஒருவரும் சொல்லமாட்டார்கள். நான் ஜன்னலால் பார்த்திருக்கிறேன்.

மாமா, சொல்லக் கஷ்டமாக இருக்கிறது. சாமி படத்துக்குப் பின்னால் இருக்கும் கவர் காணி உறுதி இல்லை. அது என் அண்ணனின் கூட்டுத்தாபனத்துக் கடிதம். பெயர் ஒன்று, விலாசம் ஒன்று. தபால்காரர்மீதும் பிழை இல்லை, உங்கள்மீதும் இல்லை. அண்ணனுக்கு மே மாதமே தெரியும். உங்கள் மனம் நோகும் என்று அவர் வாயைத் திறக்கவில்லை. அதனால் நான் திறக்கிறேன், கோபித்தால் என்னைக் கோபியுங்கள்.

என் அண்ணனோடு வேலை செய்த ஒருவருக்கு வந்த அதே கடிதத்தின் கொப்பியை, நான் கேட்டு எழுதியதும் பதுளைக் கந்தோரில் இருக்கும் முன்ஸிப் தம்பி எனக்கு அனுப்பினார். அது கையில் கிடைத்த நாளிலிருந்துதான் ஆறு மாதம் என்று அதில் இருக்கிறது. நான் அனுப்பிய நாளிலிருந்து எண்ணிக்கொண்டு பயந்திருக்கிறேன். என் அண்ணனின் கையில் அது இன்னும் கிடைக்கவேயில்லை. அதைச் சொல்லக்கூடிய ஒரே சாட்சி நீங்கள்தான். அட்டையில் இருப்பது ரேகை, என் அண்ணன் கையெழுத்துப் போடுகிற ஆள்.

எங்கள் சங்கத்துச் சட்டத்தரணியிடம் கேட்டேன். தன் பெயருக்கு வந்த தபாலைத் தனதென்று நினைத்து வாங்கிய மனிதர்மீது ஒரு கேஸும் இல்லை என்றார். அந்தப் பயம் வேண்டாம். பதுளைக் கந்தோருக்கு வந்து சாட்சி சொல்வதும் சொல்லாததும் உங்கள் விருப்பம். வராவிட்டாலும் நீங்கள் எனக்கு மாமாதான்.

ஜீவராணி


லுணுகலை
22.09.2024

அன்புத் தங்கச்சிக்கு,

நாங்கள் சுகம். நீயும் வீட்டாரும் சுகமா? பயந்துதான் இத்தனை நாள் எழுதவில்லை. முதலாளியோடு மூன்று நாள் பேசாமல் இருந்தேன், நாலாம் நாள் சீனி முடிந்துவிட்டது, போனேன்.

உன் கடிதத்தை அவர் கடைசி லயத்தில் வைத்து வாசித்தார். எனக்குக் கேட்கவில்லை, பெரியவரின் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஓர் இடத்தில் கண் கலங்கியது. அது விறகு என்று பிறகு முதலாளி சொன்னார். வாசித்து முடிந்ததும் பெரியவர் எழுந்தார். படத்தை எடுத்தார், கவரைத் துண்டால் துடைத்தார், இரண்டு கையாலும் என்னிடம் நீட்டினார். எனக்கு வாங்கக் கை வரவில்லை. நான் அழுதேன், அதை ஏன் மறைக்கவேண்டும்.

பதினெட்டாம் திகதி இருவரும் பதுளைக்குப் போனோம். பஸ்ஸில் கவரை அவர்தான் வைத்திருந்தார். ரோட்டில் நான் நடந்தபோதெல்லாம் என் கையைப் பிடித்துக்கொண்டார், முதலாளி சொல்லி அனுப்பியிருக்கிறார்.

விசாரணைக்கு ஒரு சிங்கள மிஸ் இருந்தார். முன்ஸிப் பழைய அட்டையைத் தேடி எடுத்து வந்தார், ரேகை நல்ல தெளிவாக இருந்தது. என்னைக் கையெழுத்துப் போடச் சொன்னார்கள், போட்டேன். பிறகு பெரியவர் பேசினார். அவர் பேசியதை முன்ஸிப் எனக்குத் துண்டில் எழுதித் தந்தார், அப்படியே எழுதுகிறேன்: “நான் எத்தனையோ தாள்ல ரேக வச்சிருக்கேங்க. ஒன்னும் எனக்கு ஒதவல. இது ஒன்னாவது இவனுக்கு ஒதவட்டும்.”

மிஸ் கவரில் இருந்த குங்குமத்தைப் பார்த்து முதலில் சிரித்தார். முன்ஸிப் காரணத்தைச் சொன்னதும் சிரிப்பை நிறுத்தி, கவரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். நீ சிவப்புக் கோடு போட்ட வரியை நான் நீட்டினேன். அவர் தன் மேசையில் இருந்த வர்த்தமானியை எடுத்துக் காட்டினார், அதிலும் அதே வரியில் கோடு! நிலுவைகளைச் சபை கொடுக்கத்தான் வேண்டும் என்று போன மாதம் மேலிடத்திலிருந்து உத்தரவு வந்துவிட்டதாம். அறிவித்தல் கிடைத்த நாள் 18.09.2024 என்று படிவத்தில் முத்திரை குத்தினார். அந்தச் சத்தம் எனக்குக் கேட்டிருக்கவேண்டும் என்று ஆசையாக இருந்தது.

வெளியே வந்ததும் பெரியவர் கவரைக் காட்டிக் கை நீட்டினார். “உள்ள இருந்தது ஒன்னோடது. கவரு எனக்கு” என்றார் என்று வாயசைவில் புரிந்தது. கொடுத்துவிட்டேன். மறுபடி படத்துக்குப் பின்னால் வைத்திருக்கிறார்.

அண்ணன்,
பொன்னையா


கிளிநொச்சி
10.10.2024

அன்புள்ள அண்ணனுக்கு,

சுகம். உங்கள் கடிதத்தை மாப்பிள்ளைக்கு வாசித்துக் காட்டினேன், பாதியில் அவர் எழுந்து தண்ணீர் குடிக்கப் போய்விட்டார். எனக்கு நெஞ்சில் இருந்த கல் இறங்கியது. நேற்றிரவு நன்றாகத் தூங்கினேன்.

ஆனாலும் உங்களை விடமாட்டேன். இரண்டு மாதத்துக்கு மேல் என்னிடம் மறைத்திருக்கிறீர்கள். காது மெஷின் மாட்டிய பிறகு நேரில் வந்து ஏசுவதாக இருக்கிறேன். இப்போது ஏசி என்ன பிரயோசனம்? ஆனால் அண்ணே, நீங்கள் அந்தக் கவரைத் தொடாமல் திரும்பி வந்தீர்களே, அதை நினைத்தால் ஏச்சு வாயில் நிற்கவில்லை.

பொன்னையா மாமாவின் அடையாள அட்டை இலக்கத்தை அனுப்புங்கள். வீட்டுக்கு அவர் கொடுத்த நாலு விண்ணப்பமும் எங்கே நிற்கிறது என்று நான் எழுதிக் கேட்கப் போகிறேன். பதில் விலாசத்துக்கு முதலாளி கடையைப் போடுகிறேன்.

தங்கச்சி,
ஜீவராணி


லுணுகலை
20.12.2024

அன்புத் தங்கச்சிக்கு,

நாங்கள் எல்லாரும் சுகம், இந்தத் தடவை காதையும் சேர்த்து. பணம் மூன்றாம் திகதி வங்கிக்கு வந்தது. பதினொரு மாதச் சம்பளமும் சேவைக்காலப் பணமும் முழுசாக. முன்ஸிப் ஒரு துண்டில், “சந்தோசமா?” என்று எழுதிக் காட்டினார். நான் தலையாட்டினேன். இந்தத் தடவை என்னவென்று தெரிந்து ஆட்டினேன்.

மெஷின் மாட்டி ஒன்பது நாள். லயத்துத் தகரத்தில் மழை விழுவது இவ்வளவு சத்தம் என்பதை மறந்தே போயிருந்தேன். முதல் நாள் முதலாளியின் மிளகாய் அரைக்கிற மெஷினுக்குப் பயந்து வெளியே ஓடினேன், அவர் கல்லாவில் உட்கார்ந்து குலுங்கிச் சிரித்தார். வாட்ச்சர் வேலைக்குத் தை மாதம் வரச் சொல்லியிருக்கிறார்கள்.

உன் அண்ணி அடுப்படியில் வாயசைத்துக்கொண்டே இருப்பாள். தனக்குத் தானே பேசிக்கொள்கிறாள் என்று பதினொரு வருசமாக நினைத்திருந்தேன். என்னோடுதான் பேசியிருக்கிறாள் தங்கச்சி. “உப்புப் போதுமாங்க?”, “குளிருதா?” என்று சின்னச் சின்னக் கேள்வி. பதில் வராது என்று தெரிந்தும் தினமும் கேட்டிருக்கிறாள். அன்று முதல் தடவையாக, “போதும்” என்றேன். கரண்டியைக் கீழே போட்டுவிட்டாள்.

இங்கிலீசு வருசப் பிறப்பன்று காலை பத்து மணிக்கு அண்ணியின் போனுக்கு எடு. கோயில் வளைவில் நிற்கிறேன்.

அண்ணன்,
பொன்னையா


லுணுகலை
02.01.2025

அன்புத் தங்கச்சிக்கு,

புது வருசம் உங்கள் எல்லாருக்கும் நல்லபடி அமையட்டும். நாங்கள் சுகம். பொன்னையா பெரியவரும் சுகம், அவருடைய மூன்றாவது விண்ணப்பம் கோப்பில் கிடைத்துவிட்டது, இடம் பார்க்க வருவார்கள் என்று, நீ எழுதிக் கேட்டதற்குக் கடைக்கு வந்த பதிலை முதலாளி அவருக்கு வாசித்தார். படத்துக்குப் பின்னால் இருந்த கவருக்குள் அந்தத் தாளை வைத்துக்கொண்டார்.

நேற்று நீ எடுத்தபோது நான் பேசவில்லை. மெஷின் சரியில்லை என்று நினைத்துத்தான் நீ போனை வைத்திருப்பாய், இரவெல்லாம் கவலைப்பட்டிருப்பாய். அதனால் விடிந்ததும் எழுதுகிறேன். மெஷினில் ஒரு குறையும் இல்லை. அண்ணி கோயில் படிக்கட்டில் நின்று, “பேசுங்க, பேசுங்க” என்று சொன்னதும் கேட்டது. போனைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு நான்தான் அப்படியே நின்றுவிட்டேன்.

“அண்ணே, கேக்குதா?” என்று நாலு தடவை கேட்டாய்.

கேட்டது தங்கச்சி. நாலு தடவையும் கேட்டது.

அண்ணன்,
பொன்னையா